எது எதைச் சார்ந்தது? சாரா மாறியையும் சார்ந்த மாறியையும் பிரித்தறிய ஒரு முழுமையான வழிகாட்டி

பெட்ரோல் பங்கில் இரண்டு வண்டிகள் முன்னும் பின்னுமாக நிற்கின்றன. முதல் வண்டிக்காரர், “இருநூறு ரூபாய்க்குப் போடுங்கள்” என்கிறார். ஊழியர் 200 என்று தட்டுகிறார். இயந்திரம் ஓடி 200-இல் நிற்கிறது. லிட்டர் என்ற கட்டத்தில் ஏதோ ஓர் எண் வந்து விழுகிறது. அடுத்தவர், “இரண்டு லிட்டர்” என்கிறார். இந்த முறை லிட்டர் 2.00-இல் நிற்கிறது. எத்தனை ரூபாய் ஆயிற்று என்று அவர் எட்டிப் பார்த்துத்தான் பர்ஸைத் திறக்கிறார்.

அதே பங்க், அதே பெட்ரோல், அதே விலை. ஆனால் முதலாமவருக்குப் பணம் சாரா மாறி, லிட்டர் சார்ந்த மாறி. இரண்டாமவருக்கு அப்படியே தலைகீழ்.

மாலையில் என்னிடம் கணக்குப் படிக்க வரும் பிள்ளைகளுக்கு இந்த இடத்தில்தான் தலை சுற்றும். “சார், சுற்றி வளைக்காமல் சொல்லுங்கள். பெட்ரோல் சாரா மாறியா, சார்ந்த மாறியா?” என்பார்கள். “நம் பள்ளிக்கூடம் இடப்பக்கம் இருக்கிறதா, வலப்பக்கம் இருக்கிறதா?” என்று நான் திருப்பிக் கேட்பேன். எந்தத் திசையிலிருந்து வருகிறோம் என்று தெரியாமல் அதற்குப் பதில் சொல்ல முடியாது. மாறிகளும் அப்படித்தான். பெட்ரோலின் நெற்றியில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை. என்ன கேட்கிறார்கள் என்பதில்தான் விடை ஒளிந்திருக்கிறது. இதைப் பிடித்துக்கொண்டால் இந்தப் பாடத்தில் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும். மீதிப் பாதிக்குத்தான் கீழே வருபவை.

முதலில் மூன்று பெயர்கள்

கணக்கில் நாம் முதலில் முடிவு செய்யும் அளவு, அல்லது தன் போக்கில் மாறிக்கொண்டிருக்கும் அளவு சாரா மாறி. சில நூல்களில் சார்பற்ற மாறி என்றும் இருக்கும், இரண்டும் ஒன்றே. அதன் மதிப்பு தெரிந்த பிறகு தானாக வந்து நிற்கும் அளவு சார்ந்த மாறி. இரண்டுக்கும் நடுவே அசையாமல் உட்கார்ந்திருக்கும் எண் மாறிலி. பெட்ரோல் கணக்கில் லிட்டர் விலை மாறிலி. குளத்தில் நீர் ஏற ஏறத் தாமரைத் தண்டும் நீளும் என்று சிறு வயதில் கேட்டிருப்பீர்கள். நீர்மட்டம் சாரா மாறி, தண்டின் நீளம் சார்ந்த மாறி. தண்டு நீள்கிறதே என்று குளம் நிரம்புவதில்லை.

படி 1: மாறாததைத் தள்ளிவையுங்கள்

கணக்கைப் படித்தவுடன் பெரும்பாலோர் எண்களைப் பொறுக்க ஆரம்பிக்கிறார்கள். எண்களை விட்டுவிட்டு அளவுகளைப் பொறுக்குங்கள். இதோ ஒரு கணக்கு:

“திருமண மண்டப வாடகை 40,000 ரூபாய். சாப்பாடு இலைக்கு 150 ரூபாய். விருந்தினர் எண்ணிக்கைக்கு ஏற்ப மொத்தச் செலவு எப்படி மாறும்?”

இதில் நான்கு அளவுகள் இருக்கின்றன: வாடகை, இலை விலை, விருந்தினர் எண்ணிக்கை, மொத்தச் செலவு. ஒவ்வொன்றையும் விரல் வைத்துக் கேளுங்கள்: இந்தக் கணக்குக்குள் இது மாறுமா? நூறு பேர் வந்தாலும் ஆயிரம் பேர் வந்தாலும் வாடகை 40,000-தான். இலை விலையும் அப்படியே. இரண்டையும் அடித்துவிடுங்கள். மிஞ்சுவது எண்ணிக்கையும் செலவும். நான்கில் இரண்டைப் பிரிப்பதைவிட இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுப்பது எளிது அல்லவா?

ஓர் எச்சரிக்கை. ‘இந்தக் கணக்குக்குள்’ என்ற சொல் முக்கியம். மண்டப வாடகை உலகத்தில் மாறாத ஒன்றல்ல; முகூர்த்த நாளில் ஒரு விலை, மார்கழியில் ஒரு விலை. ஆனால் இந்தக் கணக்கு அதைப் பற்றிப் பேசவில்லை.

படி 2: ‘எவ்வளவு’ எங்கே இருக்கிறது என்று தேடுங்கள்

கேள்விச் சொல் எந்த அளவோடு ஒட்டிக்கொண்டிருக்கிறதோ அது சார்ந்த மாறி. மண்டபக் கணக்கையே இரண்டு விதமாகக் கேட்கலாம்.

பெண்ணின் தாய்மாமா கேட்கிறார்: “முந்நூறு பேர் வந்தால் செலவு எவ்வளவு ஆகும், மாப்பிள்ளை?” எண்ணிக்கை சாரா மாறி, செலவு சார்ந்த மாறி. 40,000 + 150 × 300 = 85,000 ரூபாய்.

பெண்ணின் அப்பா கேட்கிறார்: “கையில் ஒரு லட்சம்தான் இருக்கிறது. எத்தனை பேரை அழைக்கலாம்?” இப்போது பணம் முதலில் வந்து உட்கார்ந்துவிட்டது. எண்ணிக்கை அதைப் பார்த்துத்தான் முடிவாகும். (1,00,000 − 40,000) ÷ 150 = 400 பேர்.

மண்டபம் ஒன்று, விலை ஒன்று. கேட்டவர் மாறியதும் மாறிகள் இடம் மாறிவிட்டன. சூத்திரத்தைத் திருப்பிப் போட்டோம் என்று பாடநூல் சொல்லும். கவலையைத் திருப்பிப் போட்டோம் என்று அந்த அப்பா சொல்வார்.

படி 3: நம் மொழியே துப்புக் கொடுக்கும்

வேறு மொழியிலிருந்து பெயர்த்த விளக்கங்களில் இது கிடைக்காது என்பதால் கொஞ்சம் நின்று பார்ப்போம். எது எதைச் சார்ந்தது என்பதைத் தமிழ் பெரும்பாலும் வேற்றுமை உருபிலும் வினையிலும் காட்டிவிடுகிறது.

முதலாவது, ‘கு’. இலைக்கு 150 ரூபாய், கிலோவுக்கு 60 ரூபாய், முழத்துக்கு 30 ரூபாய், ஆளுக்கு இரண்டு வடை, மணிக்கு 60 கி.மீ. ‘கு’ ஏறிய அளவு சாரா மாறி. மல்லிகைப்பூக்காரர் “முழம் முப்பது” என்று சுருக்கிச் சொன்னாலும், அந்த ‘கு’ மனத்துக்குள் இருக்கத்தான் செய்கிறது. பங்கில் முதலாமவர் சொன்னதைத் திரும்பப் பாருங்கள்: “இருநூறு ரூபாய்க்கு”. அங்கே ‘கு’ பணத்தின் மேல் ஏறியது. பணமே சாரா மாறியாயிற்று. “பத்து ரூபாய்க்குக் கறிவேப்பிலை” என்று கேட்கும்போதும் அதே கதை. எத்தனை இணுக்கு என்பது கடைக்காரரின் கை தாராளத்தைப் பொறுத்தது என்றாலும், வரிசை அதுதான்.

இரண்டாவது, ‘ஆல்’. பத்துப் பேர் வந்தால் எத்தனை இட்லி? மழை பெய்தால் எவ்வளவு நீர் சேரும்? வேகத்தைக் கூட்டினால் எவ்வளவு சீக்கிரம் போகலாம்? ‘ஆல்’ முடியும் பகுதியில் இருப்பது சாரா மாறி.

மூன்றாவது, அடுக்கி வரும் வினை. வெயில் ஏற ஏற மோர் விற்பனை கூடும். மலை ஏற ஏறக் குளிரும். போகப் போக விலை குறையும். இரட்டித்த வினைக்கு உரியது சாரா மாறி. ஒற்றை வினைக்கு உரியது சார்ந்த மாறி. இவ்வளவு கச்சிதமான அடையாளத்தை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

நான்காவது, ‘பொறுத்து’, ‘ஏற்ப’, ‘வைத்து’. இவற்றுக்கு முன்னால் இருப்பது சாரா மாறி. எடையைப் பொறுத்துக் கூரியர் கட்டணம், உயரத்துக்கு ஏற்பத் துணி.

ஆனால் கண்ணை மூடிக்கொண்டு ‘கு’வைப் பின்தொடர்ந்தால் பள்ளத்தில் விழுவீர்கள். “மணிக்கு 60 கி.மீ. வேகத்தில் செல்லும் பஸ் 240 கி.மீ. செல்ல எவ்வளவு நேரம் ஆகும்?” இதில் ‘மணிக்கு’ என்பது கொடுக்கப்பட்ட வேகத்தின் பகுதி. அது மாறிலி; படி 1-இலேயே அதை அடித்திருக்க வேண்டும். கேள்வியை மட்டும் எடுத்துச் சொன்னால் “240 கி.மீ.க்கு எத்தனை மணி நேரம்?” என்று வரும். இப்போது ‘கு’ தொலைவின் மேல் இருக்கிறது. தொலைவு சாரா மாறி, நேரம் சார்ந்த மாறி, விடை 4 மணி நேரம். தகவலில் இருக்கும் ‘கு’வை விடுங்கள், கேள்வியில் இருக்கும் ‘கு’வைப் பிடியுங்கள். “மதுரைக்குப் போகும் பஸ்” என்பதில் உள்ள ‘கு’ திசை காட்டுவது. அதற்கும் நமக்கும் சம்பந்தமில்லை.

படி 4: இரு பக்கமும் சொல்லிப் பாருங்கள்

முடிவு செய்த பிறகும் சந்தேகம் இருந்தால், இரண்டு அளவுகளையும் ‘பொறுத்து’ வாக்கியத்தில் போட்டு, பிறகு இடம் மாற்றிச் சொல்லுங்கள்.

“வயதைப் பொறுத்துக் குழந்தையின் உயரம் மாறும்.” சரி. “உயரத்தைப் பொறுத்துக் குழந்தையின் வயது மாறும்.” சிரிப்பு வருகிறது. முக்காலியில் ஏறி நின்றால் பிறந்தநாள் வருமா? இப்படி ஒரு பக்கம் மட்டும் பொருள் தந்தால் வேலை முடிந்தது.

பெட்ரோல், மண்டபம் போன்றவற்றில் இரண்டு பக்கமும் பொருள் தரும். அப்போது படி 2-க்குத் திரும்பி, கேட்டவர் என்ன கேட்டார் என்று பாருங்கள்.

மூன்றாவது ஒரு வகை உண்டு. இதில்தான் பெரியவர்களே ஏமாறுகிறார்கள். சித்திரை, வைகாசியில் தெருமுனையில் இளநீர் விற்பனை கூடுகிறது. அதே மாதங்களில் வீட்டு மின்கட்டணமும் கூடுகிறது. இரண்டு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதினால் கைகோத்து நடப்பது போலத் தெரியும். “இளநீர் விற்பனையைப் பொறுத்து மின்கட்டணம்” என்று சொல்லிப் பாருங்கள், அபத்தம். திருப்பிச் சொன்னாலும் அபத்தம். இரண்டுமே சார்ந்த மாறிகள். சாரா மாறி கணக்கில் பெயரே வராத வெயில். இரு பக்கமும் பொருள் தராவிட்டால், திரைக்குப் பின்னால் யாரோ நிற்கிறார்கள் என்று தெரிந்துகொள்ளுங்கள்.

படி 5: அட்டவணை போட்டுச் சோதியுங்கள்

இடப்பக்கம் சாரா மாறி, வலப்பக்கம் சார்ந்த மாறி. இந்த வரிசையை மாற்ற வேண்டாம்.

சென்னையில் 2013-இல் அரசு நிர்ணயித்த ஆட்டோ கட்டணத்தை எடுத்துக்கொள்வோம். முதல் 1.8 கி.மீ.க்கு 25 ரூபாய். அதற்கு மேல் ஒவ்வொரு கி.மீ.க்கும் 12 ரூபாய். (மீட்டர் போட்டு ஓட்டினார்களா என்பது கணக்குப் பாடத்தில் வராது.)

1 கி.மீ. என்றால் 25 ரூபாய்
1.8 கி.மீ. என்றால் 25 ரூபாய்
2.8 கி.மீ. என்றால் 37 ரூபாய்
3.8 கி.மீ. என்றால் 49 ரூபாய்
5.8 கி.மீ. என்றால் 73 ரூபாய்

இடப்பக்கம் எந்தத் தொலைவைச் சொன்னாலும் வலப்பக்கம் ஒரே ஒரு கட்டணம் வருகிறது. சார்பு என்று பத்தாம் வகுப்பில் படிப்பது இதைத்தான்: மதிப்பகத்தில் (சாரா மாறி எடுக்கும் மதிப்புகளின் தொகுப்பில்) உள்ள ஒவ்வோர் உறுப்புக்கும் ஒரே ஒரு நிழல் உரு (அதற்குக் கிடைக்கும் சார்ந்த மாறியின் மதிப்பு). இப்போது திருப்புங்கள். “25 ரூபாய் கொடுத்தேன், எவ்வளவு தூரம் போனேன்?” அரை கி.மீ. ஆகவும் இருக்கலாம், ஒன்றரை ஆகவும் இருக்கலாம். ஒரு கட்டணத்துக்குப் பல தொலைவுகள் வருகின்றன. எனவே கட்டணத்தைச் சாரா மாறியாக வைத்தால் அது சார்பாகாது. பெட்ரோலைத் திருப்பியது போல் எல்லாவற்றையும் திருப்பிவிட முடியாது என்பதை அட்டவணைதான் காட்டிக்கொடுக்கிறது.

இதைவிடச் சுவையானது மின்கட்டணம். தமிழ்நாட்டில் வீடுகளுக்கு இரண்டு மாதத்துக்கு ஒரு முறை கணக்கெடுக்கிறார்கள். முதல் 100 யூனிட் இலவசம். யூனிட் சாரா மாறி, கட்டணம் சார்ந்த மாறி என்பதில் யாருக்கும் சந்தேகமில்லை. ஆனால் அந்த உறவு எப்படிப்பட்டது என்று பாருங்கள். 2022 செப்டம்பரில் நடப்புக்கு வந்த கட்டணப்படி, 500 யூனிட் வரை பயன்படுத்திய வீட்டுக்கு: 101 முதல் 200 வரை யூனிட்டுக்கு 2.25 ரூபாய், 201 முதல் 400 வரை 4.50, 401 முதல் 500 வரை 6 ரூபாய். சரியாக 500 யூனிட் ஓட்டியவருக்கு 225 + 900 + 600 = 1,725 ரூபாய்.

இன்னும் ஒரே ஒரு யூனிட் கூடட்டும். 500-ஐத் தாண்டியவர்களுக்குக் கீழ்ப்படிகளின் விலையும் வேறு: 101 முதல் 400 வரை முழுவதும் 4.50, அடுத்த 100 யூனிட்டுக்கு 6, 501 முதல் 600 வரை 8 ரூபாய். ஆக 1,350 + 600 + 8 = 1,958 ரூபாய். கடைசி ஒரு யூனிட்டின் விலை 233 ரூபாய்! பிறகு விலைகள் உயர்ந்துவிட்டன. இந்த எண்களை உங்கள் அட்டையோடு ஒப்பிட வேண்டாம். கணக்குக்கு வேண்டியது இந்தத் துள்ளல்தான். அந்தக் கட்டணப் பட்டியலில் யாருக்கும் 1,800 ரூபாய் பில் வந்திருக்கவே முடியாது. “என் பில் 1,800, எத்தனை யூனிட் ஓடியிருக்கும்?” என்ற கேள்விக்கு விடையே கிடையாது. “பில் பூஜ்யம்; எத்தனை யூனிட்?” என்ற கேள்விக்கோ நூற்றொரு விடைகள், 0 முதல் 100 வரை. முன்பக்கம் பார்த்தால் ஒழுங்கான சார்பு. பின்பக்கம் பார்த்தால் ஓர் இடத்தில் ஓட்டை, இன்னோர் இடத்தில் நெரிசல்.

படி 6: சமன்பாடும் அச்சும்

சமன்பாடு எழுதும்போது சார்ந்த மாறியை இடப்பக்கம் தனியாக நிறுத்துங்கள். எடுத்த எடுப்பில் எக்ஸ், ஒய் என்று எழுத வேண்டாம். செலவு = 40,000 + 150 × ஆட்கள் என்று பெயர் சொல்லி எழுதுங்கள்; பிறகு எழுத்துக்கு மாற்றிக்கொள்ளலாம். தெரியாத அளவுகளுக்கு அகரவரிசையின் கடைசி எழுத்துகளை வைக்கும் வழக்கம் 1637-இல் பிரெஞ்சுக் கணித அறிஞர் தேக்கார்த் வெளியிட்ட வடிவியல் நூலிலிருந்து பரவியது. அதற்கு முன்பும் மனிதர்கள் கணக்குப் போட்டார்கள்.

வரைபடத்தில் கிடை அச்சு சாரா மாறிக்கு, செங்குத்து அச்சு சார்ந்த மாறிக்கு. அவ்வளவுதான், இதில் நீட்டுவதற்கு ஒன்றுமில்லை. ஒரு விதிவிலக்கு உண்டு. பதினோராம் வகுப்பில் பொருளியல் எடுத்தவர்கள் தேவைக் கோட்டில் விலை செங்குத்து அச்சிலும் வாங்கும் அளவு கிடை அச்சிலும் இருப்பதைப் பார்த்துக் குழம்புவார்கள். விலையைப் பொறுத்துத்தானே தேவை? ஆம், உங்கள் குழப்பம் நியாயமானது. ஆல்ஃபிரட் மார்ஷல் என்ற பொருளியல் அறிஞர் அப்படி வரைந்தார். பொருளியலில் அதுவே நிலைத்துவிட்டது. அச்சைப் பார்த்து மாறியை முடிவு செய்யக் கூடாது என்பதற்கு இதைவிட நல்ல சான்று வேண்டாம்.

வழுக்கும் இடங்கள்

“நேரம் எப்போதும் சாரா மாறி.” இந்தச் சூத்திரத்தை யாரோ ஒரு புண்ணியவான் பரப்பிவிட்டிருக்கிறார். செடியின் வளர்ச்சி, காய்ச்சல் குறையும் வேகம் போன்றவற்றில் நேரம் சாரா மாறிதான். மேலே பார்த்த பஸ் கணக்கில் அது சார்ந்த மாறி. சில ஆண்டுகளுக்கு முன் என்னிடம் படித்த பெண் ஒருத்தி, “வேகத்தைப் பொறுத்துப் பயண நேரம்” என்ற கேள்விக்கு நேரத்தைச் சார்ந்த மாறி என்று எழுதி, விடைக்குறிப்பில் வேறு மாதிரி இருந்ததால் இரண்டு மதிப்பெண் இழந்துவிட்டாள். மறுகூட்டலில் கூட்டலைத்தான் பார்ப்பார்களாம். அவள் எழுதியதுதான் சரி. இன்றும் எனக்கு அதில் ஆத்திரம் இருக்கிறது.

“சாரா மாறி கூடினால் சார்ந்த மாறியும் கூடும்.” இல்லை, குறையவும் செய்யலாம். ஆறு பேர் பத்து நாளில் முடிக்கும் நடவு வேலை மொத்தம் 60 ஆள்-நாள். பத்துப் பேர் இறங்கினால் ஆறு நாள், இருபது பேர் இறங்கினால் மூன்று நாள். ஆட்கள் கூடக் கூட நாள் குறைகிறது, எதிர் மாறல். நாள் குறைந்ததால் அது சாரா மாறியாகிவிடாது. இதில் ஆட்கள் முழு எண்களாகத்தான் இருக்க முடியும் என்பதையும், அறுநூறு பேரை இறக்கினால் நாற்றில் பாதி காலடியில் போகும் என்பதையும் சூத்திரம் சொல்லாது.

“கணக்கில் முதலில் வருவது சாரா மாறி.” வினாத்தாள் எழுதியவர் எந்த வரிசையில் வேண்டுமானாலும் எழுதுவார். நம்பாதீர்கள்.

“விளைவு மாறவில்லை என்றால் நாம் மாற்றியது சாரா மாறி இல்லை.” ஊசல் சோதனையில் நூலின் நீளத்தை மாற்றாமல் வைத்துக்கொண்டு குண்டை மட்டும் மாற்றிப் பாருங்கள். கனமான குண்டோ லேசான குண்டோ, ஒரு மீட்டர் நூலில் ஒரு முழு அலைவுக்குச் சுமார் இரண்டு விநாடிதான். நீங்கள் மாற்றியது குண்டின் நிறை. அதுவே சாரா மாறி. அலைவு நேரம் அசையவில்லை என்பது சோதனையின் முடிவு, உங்கள் தவறு அன்று.

ஒன்றுக்கு மேற்பட்ட சாரா மாறிகள்

நகைக்கடை பில்லில் பல எண்கள் ஒரே சமயத்தில் வந்து மோதும். கணக்குக்காக ஒரு கிராம் 10,000 ரூபாய், சேதாரம் 10 சதவீதம், ஜிஎஸ்டி 3 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். ஒரு பவுன், அதாவது 8 கிராம் சங்கிலிக்கு 8 × 10,000 × 1.10 × 1.03 = 90,640 ரூபாய். பில் தொகை சார்ந்த மாறி. சாரா மாறிகள் எடை, விலை, சேதாரம் என்று மூன்று. வரி மட்டும் யார் கேட்டாலும் குறையாது.

ஆனால் யாருக்கு எது மாறுகிறது? இன்று கடைக்குள் நின்று, அந்தச் சங்கிலியா இந்தச் சங்கிலியா என்று பார்ப்பவருக்கு இன்றைய விலை மாறிலி. எடைதான் சாரா மாறி. தை மாதக் கல்யாணத்துக்கு ஐந்து பவுன் என்று முடிவு செய்துவிட்டுத் தினமும் நாளிதழில் விலையைப் பார்க்கும் அம்மாவுக்கு எடை மாறிலி. விலை சாரா மாறி. சேதாரத்தைக் குறைக்கச் சொல்லி ஒரு மணி நேரம் உட்கார்ந்து பேசும் அத்தைக்கு எடையும் விலையும் மாறிலிகள். சதவீதம் மட்டுமே சாரா மாறி. ஒரே பில்லில் மூன்று கணக்குகள். பல சாரா மாறிகள் இருந்தால் ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் அசைத்து, மற்றவற்றைப் பிடித்து வையுங்கள்.

மேட்டூர்: ஒரு பெரிய எடுத்துக்காட்டு

நாளிதழில் தினமும் வரும் மேட்டூர் அணைச் செய்தியை எடுத்துக்கொள்ளுங்கள். நீர்மட்டம், நீர் இருப்பு, நீர்வரத்து, வெளியேற்றம் என்று நான்கு எண்கள். 1934 முதல் பயன்பாட்டில் இருக்கும் இந்த அணையின் முழுக் கொள்ளளவு 93.47 டி.எம்.சி.; அப்போது நீர்மட்டம் 120 அடி. ஒரு டி.எம்.சி. என்பது நூறு கோடி கன அடி.

நீர்மட்டமா, நீர் இருப்பா, எது எதைச் சார்ந்தது? ஆற்றின் பக்கம் நின்று பார்த்தால், தண்ணீர் வந்து சேர்ந்தால்தான் மட்டம் உயரும். இருப்பு சாரா மாறி, மட்டம் சார்ந்த மாறி. அணைப் பொறியாளரின் மேசையில் நின்று பார்த்தால் கதை வேறு. கோடிக்கணக்கான கன அடியை யாரும் படியால் அளக்க முடியாது. அவர் அளவுகோலில் அடியைப் படிக்கிறார். அந்த அடிக்கு எவ்வளவு இருப்பு என்று முன்பே கணக்கிட்டு வைத்த அட்டவணையில் பார்க்கிறார். மட்டம் சாரா மாறி, இருப்பு சார்ந்த மாறி. இரண்டும் தவறில்லை. ஒவ்வோர் அடிக்கும் ஒரே இருப்பு, ஒவ்வோர் இருப்புக்கும் ஒரே அடி என்பதால் இரு பக்கமும் சார்பாக நிற்கிறது. ஆட்டோ கட்டணத்தில் கிடைக்காத சலுகை இது.

இது நேர்கோடும் அன்று. 120 அடிக்கு 93.47 என்றால் 60 அடிக்கு அதில் பாதி என்று கணக்குப் போட்டால் ஏமாந்துபோவோம். அணை அடியில் குறுகி மேலே விரிகிறது. 100 அடியில் இருப்பு சுமார் 65 டி.எம்.சி.; கடைசி இருபது அடிக்குள் மட்டும் ஏறத்தாழ 28 டி.எம்.சி. அடங்குகிறது. கீழே ஓர் அடி ஏறுவதும் மேலே ஓர் அடி ஏறுவதும் ஒன்றல்ல. 118 அடி என்றதும் டெல்டாக்காரர்கள் முகம் மலர்வதன் பின்னால் இந்தக் கணக்கு இருக்கிறது.

நீர்வரத்தைச் சேர்த்தால் சங்கிலி நீளும். வினாடிக்குச் சுமார் 11,574 கன அடி வீதம் ஒரு நாள் முழுவதும் தங்கினால் ஒரு டி.எம்.சி. சேரும். வரத்தைப் பொறுத்து இருப்பு, இருப்பைப் பொறுத்து மட்டம். நடுவில் நிற்கும் இருப்பு ஒன்றுக்குச் சார்ந்த மாறி, இன்னொன்றுக்குச் சாரா மாறி. அப்பாவுக்கு மகன், மகனுக்கு அப்பா என்பது போல.

நீங்களே செய்து பாருங்கள்

தாளில் எழுதிவிட்டுக் கீழே விடையைப் பாருங்கள்.

அ. இட்லி மாவுக்கு நான்கு பங்கு அரிசிக்கு ஒரு பங்கு உளுந்து. வீட்டில் அரை கிலோ உளுந்துதான் இருக்கிறது. எவ்வளவு அரிசி ஊறவைக்கலாம்?

ஆ. கூட்டுறவுச் சங்கத்தில் ஊற்றும் பாலுக்கு, அதிலுள்ள கொழுப்பையும் கொழுப்பற்ற திடப்பொருளையும் வைத்து லிட்டர் விலை தருகிறார்கள். மாறிகள் எவை?

இ. கடல் மட்டத்தில் தண்ணீர் 100 டிகிரியில் கொதிக்கிறது. சுமார் 2,240 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஊட்டியில் அதற்குக் குறைவான வெப்பநிலையிலேயே கொதித்துவிடுகிறது. எது எதைச் சார்ந்தது?

ஈ. பங்கில் மூன்றாவதாக வந்த வண்டிக்காரர், “டேங்கை நிரப்பிவிடுங்கள்” என்கிறார். சாரா மாறி எது?

விடைகள். அ: வழக்கமாக அரிசியை அளந்துவிட்டு உளுந்தைப் போடுவோம், இங்கே கையிருப்பு உளுந்து முடிவு செய்கிறது. உளுந்து சாரா மாறி, அரிசி சார்ந்த மாறி, இரண்டு கிலோ. ஆ: லிட்டர் விலை சார்ந்த மாறி, கொழுப்பு, கொழுப்பற்ற திடப்பொருள் இரண்டும் சாரா மாறிகள். இ: உயரம் சாரா மாறி, கொதிநிலை சார்ந்த மாறி. ஏற ஏறக் குறைகிறது. அங்கே பருப்பு வேக நேரமாவதும் அதனால்தான்.

ஈ: இதற்குத்தான் பலர் திணறுவார்கள். மூன்றாமவர் பணத்தையும் சொல்லவில்லை, லிட்டரையும் சொல்லவில்லை. இயந்திரத்தில் ஓடும் இரண்டு எண்களுமே சார்ந்த மாறிகள். அவை எங்கே நிற்கும் என்பதை முடிவு செய்வது டேங்கில் ஏற்கனவே மிச்சம் கிடக்கும் பெட்ரோல். அதை அந்த இயந்திரம் எங்கும் காட்டுவதில்லை.